அப்பாவின் அறையில் ஒரு கேமரா

பக்கவாதத்திலிருந்து மீண்டு வீடு திரும்பும் முதியவர்களின் பிள்ளைகள் எங்களிடம் அடிக்கடி கேட்பது: "அப்பா அறையில் கேமரா வைக்கலாமா, டாக்டர்?" வைக்கலாம்; முதலில் அப்பாவிடம் கேளுங்கள் என்போம். கட்டிலும் கதவும் தெரிந்தால் போதும். உடை மாற்றும் இடம் வேண்டாம்.

இணைப்பது கடினமன்று. கேமராவுக்குரிய செயலியைக் கைப்பேசியில் நிறுவி, க்யூஆர் குறியீட்டை ஸ்கேன் செய்து, வீட்டு வைஃபையின் கடவுச்சொல்லை அளித்தால் நேரலை தெரியும். பல கேமராக்கள் 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபையில் மட்டுமே இணையும். பலர் தடுமாறும் இடம் இதுவே. ஊருக்குப் புறப்படுமுன் கைப்பேசியின் வைஃபையை அணைத்து, மொபைல் டேட்டாவிலும் படம் வருகிறதா எனப் பாருங்கள். ஆலையில் இட்ட கடவுச்சொல்லை உடனே மாற்றுங்கள். 2016இல் 'மிராய்' என்னும் தீநிரல், மாற்றப்படாத அத்தகைய கடவுச்சொற்களைக் கொண்டே ஏராளமான கேமராக்களைக் கைப்பற்றியது.

எங்களுக்குக் கவலை தருவது வேறொன்று. ஒரு மார்கழிக் காலை, பெங்களூரில் இருந்த மகள் ஒன்பது மணிக்கு நேரலையைப் பார்த்தார். அப்பா உறங்குவதாகத் தோன்றியது. அம்மாவும் எழுப்பவில்லை. பத்தரை மணிக்கு அவரை எங்களிடம் கொண்டுவந்தபோது வலக்கை அசையவில்லை, பேச்சும் இல்லை.

இரத்தக் கட்டியைக் கரைக்கும் மருந்தைப் பொதுவாக 4½ மணி நேரத்திற்குள் செலுத்த வேண்டும். தாமதித்தால் மூளையில் இரத்தக் கசிவு நேரும் ஆபத்து மிகும். அதனால் "கடைசியாக எப்போது நன்றாக இருந்தார்?" என்றுதான் முதலில் கேட்கிறோம். மகள் அனுப்பிய பதிவில் அவர் இயல்பாக நடந்து சென்று மீண்டும் படுத்த நேரம் 8.10 எனக் காட்டியது. ஆனால் சன்னலுக்கு வெளியே இருட்டு! கேமராவின் கடிகாரம் சீன நேரத்திலேயே, இரண்டரை மணி நேரம் முந்தி ஓடிக்கொண்டிருந்தது. உண்மை நேரம் 5.40. காலம் கடந்திருந்தது, அம்மருந்தை நாங்கள் செலுத்தவில்லை.

ஆகவே, செயலியின் அமைப்புகளில் இந்திய நேரத்தைத் தேர்ந்தெடுங்கள். பதிவுகள் சேமிக்க மெமரி கார்டு இடுங்கள். உறக்கத்தையும் பக்கவாதத்தையும் படத்தில் பிரித்தறிய எங்களாலும் இயலாது. எனவே வழக்கமாக எழும் நேரம் தாண்டினால், கேமராவின் ஒலிபெருக்கி வழியே கூப்பிடுங்கள்; சிரிக்கச் சொல்லுங்கள், இரு கைகளையும் தூக்கச் சொல்லுங்கள். வாய் கோணினாலோ, ஒரு கை தாழ்ந்தாலோ, பேச்சு குழறினாலோ, பதிலே வராவிட்டாலோ, வீட்டிலிருப்பவரை எழுப்பி 108ஐ அழைக்கச் செய்யுங்கள்.