கயிற்றின் நீளமும் கையின் வலுவும்

திருகோணமலை உட்துறைமுகத்தை ஒட்டிய சீனன்குடாவில், பிரித்தானியக் கடற்படையின் எரிபொருள் தேவைக்காக இரண்டாம் உலகப் போரை ஒட்டிய ஆண்டுகளில் எழுப்பப்பட்ட எண்ணெய்க் குதங்களில் 99 இன்றும் எஞ்சியிருக்கின்றன. ஒவ்வொன்றும் ஏறத்தாழ 12,000 கிலோலீற்றர் கொள்ளக்கூடியது. இவை யாருக்கு உரியவை, யார் இவற்றை நடத்துவது என்ற வழக்கு அரசியல் மேடைகளில் ஓயாமல் நடந்துவருவதால், இவை ஏன் இந்த வடிவில் இருக்கின்றன என்ற எளிய கேள்விக்கு இடமே கிடைத்ததில்லை. உயரம் குறைந்து அகலம் மிகுந்த உருளைகளாகவே இவை அனைத்தும் அமைந்திருப்பதற்குக் கட்டியவர்களின் அழகுணர்ச்சி காரணமாக இருக்க முடியாது.

பள்ளிக் கணிதம் இக்கேள்விக்கு ஒரு விடை தரும்: குறிப்பிட்ட கன அளவைக் கொள்ளும் மூடிய உருளைக்கு மிகக் குறைந்த தகடு தேவைப்படுவது, அதன் உயரமும் விட்டமும் சமமாக இருக்கும்போதுதான். சீனன்குடாக் குதங்கள் இவ்விடையைப் பின்பற்றவில்லை. ஏனெனில், எண்ணெயின் அழுத்தம் ஆழத்தோடு கூடுவதால் சுவரின் அடிப்பகுதி மேற்பகுதியைவிடத் தடித்திருக்க வேண்டும். குதத்தின் ஆரை கூடினாலும் சுவர் தடிக்க வேண்டும். இவ்விரண்டையும் சேர்த்துக் கணக்கிட்டால், சுவருக்குச் செல்லும் உருக்கு குதத்தின் உயரத்தோடு கூடிச் செல்வதும், அடித்தளத்துக்கும் கூரைக்கும் செல்லும் உருக்கு உயரம் கூடக் குறைந்துவருவதும் தெரியவரும். பாக்கு எண்ணெய் வயல்களுக்குக் குதங்கள் கட்டிய ரஷ்யப் பொறியியலாளர் விளாடிமிர் ஷூகோவ் 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலேயே இதன் தீர்வைக் கண்டிருந்தார்: சுவரின் எடையும், அடியும் கூரையும் சேர்ந்த எடையும் சமமாகும்போது மொத்த உருக்கு மிகக் குறைவாகிறது. இக்கணக்கில் வியப்பூட்டுவது, அவ்வாறு கிடைக்கும் சிறந்த உயரம் குதத்தின் கொள்ளளவைப் பொறுத்ததே அன்று என்பதாகும். ஆகவே பெருங்குதம் வேண்டுபவர் அதை அகலமாக்குகிறார், உயரமாக்குவதில்லை.

ஓர் அமைப்பு தன் வேலையைச் செய்ய வேண்டுமானால் மீறக்கூடாத நிபந்தனைகளைச் செயற்பாட்டுக் கட்டுப்பாடுகள் எனலாம். அந்நிபந்தனைகள் எல்லாம் விதிக்கப்பட்டபின் எஞ்சும் சிறிய இடைவெளிக்குள்தான் வடிவம் பிறக்கிறது. உயிரினங்களின் ஒவ்வொரு உறுப்புக்கும் பயன் தேடுவது தவறு, சில வடிவங்கள் வேறொன்றின் பக்கவிளைவுகளே என்று ஸ்டீபன் ஜே கூல்டும் ரிச்சர்ட் லெவோன்டினும் 1979இல் எச்சரித்தது உண்மைதான். ஆனால் அந்தப் பக்கவிளைவும் ஏதோ ஒரு கட்டுப்பாட்டுக்கு உட்பட்டே தோன்றுகிறது.

எல்லாக் கட்டுப்பாடுகளையும் எண்ணிவிட்டதாக நினைப்பதில் உள்ள ஆபத்தைக் காட்டும் நிகழ்ச்சி ஒன்றும் இதே துறைமுகத்தில்தான் நடந்தது. 1944 ஆகஸ்ட் 8ஆம் நாள், 30,000 தொன்னுக்கு மேற்பட்ட எடைகொண்ட ‘வேலியன்ட்’ என்ற பிரித்தானியப் போர்க்கப்பல், பழுதுபார்ப்பதற்காக மிதக்கும் மேடை ஒன்றில் ஏற்றப்பட்டது. மிதக்கும் மேடை என்பது, தன் அறைகளில் நீரை நிரப்பித் தாழ்ந்து, கப்பலை உள்ளே வாங்கிக்கொண்டு, பின்னர் அந்நீரை இறைத்து வெளியேற்றுவதன் மூலம் கப்பலோடு சேர்ந்து மேலெழும் இரும்புக் கட்டமைப்பு ஆகும். இம்மேடை 50,000 தொன் வரை தூக்க வல்லதாக அமைக்கப்பட்டிருந்ததால், ஆர்க்கிமிடீசின் கணக்கின்படி ஒரு குறையும் இருக்கவில்லை. ஆயினும் அறைகளிலிருந்து நீர் இறைக்கப்பட்ட ஒழுங்கு, வெடிபொருள்களோடு நிறைந்திருந்த கப்பலின் எடை நீளவாக்கில் பரவியிருந்த முறைக்குப் பொருந்தவில்லை. ஓரிடத்தில் மேல்நோக்கிய உந்தல் மிகுந்தும் வேறோரிடத்தில் கீழ்நோக்கிய பாரம் மிகுந்தும் போனமையால் மேடை வளைந்து, முதுகு முறிந்து, மூழ்கியது. கப்பல் தப்பியது என்றாலும் அதன் உட்புற உந்துவிசிறிகள் இரண்டும் சுக்கான் ஒன்றும் சேதமுற்றன.

இந்த விபத்தில் மொத்தப் பாரம் என்ற கட்டுப்பாடு நிறைவேறியிருந்தது. பாரம் பரவும் முறை என்ற கட்டுப்பாடு நிறைவேறவில்லை. பெரிய அமைப்புகள் பெரும்பாலும் எவரும் எண்ணாமல் விட்ட நிபந்தனையில்தான் உடைகின்றன என்பதற்கு இதைவிடத் தெளிந்த சான்று இலங்கைக் கரையில் வேறொன்று இருப்பதாகத் தெரியவில்லை.

உயிரியலுக்கான எடுத்துக்காட்டைத் தேடியும் தொலைவு செல்ல வேண்டியதில்லை. திருகோணமலையின் கொட்டியாரக் குடாவிலிருந்து ஆழ்கடலை நோக்கி இறங்கும் கடலடிப் பள்ளத்தாக்கினால் இங்கே ஆழ்கடல் கரைக்கு மிக அருகில் வந்துவிடுகிறது. அதனால் நீலத் திமிங்கிலங்களைக் கரையிலிருந்து சிறிது தொலைவிலேயே காண முடிகிறது. எலும்பின் வலிமை அதன் குறுக்குவெட்டுப் பரப்பையும் உடலின் எடை அதன் கன அளவையும் பொறுத்தவை என்பதால், ஒரு விலங்கை எல்லாப் பக்கமும் இருமடங்காக்கினால் வலிமை நான்கு மடங்கும் எடை எட்டு மடங்கும் ஆகும் என்ற கணக்கைக் கலிலியோ 1638இல் வெளியிட்டார். தரையில் யானையை எல்லைக்குட்படுத்தும் இக்கணக்கைத் திமிங்கிலம் வென்றுவிடவில்லை. உடலின் எடையை நீரே தாங்குவதால் அக்கட்டுப்பாடு தற்காலிகமாக விலக்கப்பட்டிருக்கிறது. கரையொதுங்கிய திமிங்கிலம் தன் எடையாலேயே நசுங்கத் தொடங்கும்போது அது மீண்டும் நடைமுறைக்கு வருகிறது.

கணிதமும் வடிவமைப்பும் உயிரியலும் ஒரே இடத்தில் கூடுவதைக் காண விரும்புபவர் உப்புவெளி, நிலாவெளி, குச்சவெளி ஆகிய கரைகளில் கரைவலை வளைக்கப்படுவதைக் கவனிக்க வேண்டும். கயிற்றின் ஒரு முனையைக் கரையில் விட்டு, தோணி அரைவட்டமாகச் சென்று வலையை இறக்கி, மறுமுனையைப் பாட்டின் மறு எல்லையில் கரைசேர்க்கிறது; பாடு என்பது ஒரு வலைக்கென வழமையாலும் அனுமதியாலும் ஒதுக்கப்பட்ட கரைத்துண்டு. ஒரு பக்கம் நேரான கரையாக இருக்க, குறிப்பிட்ட நீளமுள்ள கயிற்றால் மிகப்பெரும் பரப்பை வளைக்கும் வடிவம் அரைவட்டமே என்பது மாட்டுத்தோல் வாரால் நிலம் வளைத்த கார்த்தேஜ் அரசி டைடோவின் கதையோடு சேர்த்துச் சொல்லப்படும் பழைய கணிதத் தேற்றம். கயிறும் வலையும் சேர்ந்து 1,000 மீற்றர் என்று கொண்டால், அரைவட்டம் ஏறத்தாழ 39 ஏக்கர் கடலை வளைக்கும். அதே நீளத்தில் அமையக்கூடிய மிகச் சிறந்த செவ்வகமோ 31 ஏக்கரையே வளைக்கும். நீரோட்டம் அரைவட்டத்தைச் சற்று நெளித்துவிடும் என்பதும், அதைப் பார்த்து வலை இறக்கும் திசையை மாற்றும் அறிவு மீனவரிடம் உண்டு என்பதும் வேறு.

வலையின் உறுப்புகளும் இவ்வாறே அமைந்தவை. இருபுறமும் நீளும் கைப்பகுதியில் கண்கள் பெரியவை. அங்கே மீனைத் தடுத்து நிறுத்தவேண்டியதில்லை, மிரட்டி உள்ளே திருப்பினாலே போதும், கண் பெரிதாயின் நீரின் தடையும் குறையும். மீன் சேரும் மடியில் மட்டும் கண்கள் நெருங்கியிருக்கின்றன. கரையில் நின்று இழுப்பவர்கள் அம்பாப் பாடல் பாடியது களைப்பைப் போக்குவதற்கு மட்டும் அன்று. இருபது முப்பது பேரின் விசை ஒரே கணத்தில் ஒன்றுகூட வேண்டும் என்ற நிபந்தனையை அப்பாடலின் தாளம் நிறைவேற்றியது.

இவ்வமைப்பில் எவரும் எழுதிவைக்காத ஒரு கட்டுப்பாடு இருந்தது. அது மனிதக் கையின் வலு. வலு என்பது இங்கே குறித்த நேரத்தில் செய்யப்படும் வேலையின் அளவைக் குறிக்கிறது. நீரில் இழுக்கப்படும் வலையின் தடை ஏறத்தாழ வேகத்தின் வர்க்கத்தோடு கூடுவதால், வேகத்தை இருமடங்காக்க எட்டு மடங்கு வலு வேண்டும். ஆகவே கையால் இழுக்கப்படும் வலை மெதுவாகவே வரும், விரைந்து நீந்தும் மீன்களில் ஒரு பகுதி வலை கரைசேருமுன் விலகிப்போகும். வலையைப் பெரிதாக்க விரும்பும் சம்மாட்டிக்கு, அதாவது வலை உடையவருக்கு, மேலும் ஆட்கள் தேவைப்பட்டனர். ஆட்கள் கூடினால் பங்கும் கூடியது. எனவே ஓரளவுக்கு மேல் வலை வளரவில்லை. வாடைக்காற்று வீசும் மாதங்களில் கடல் கொந்தளித்துத் தொழிலை நிறுத்திவைத்ததும் எழுதப்படாத இவ்வகைக் கட்டுப்பாடே.

அண்மை ஆண்டுகளில் வடக்குக் கிழக்குக் கரைகளில் உழவு இயந்திரத்தில் பொருத்திய வின்ச் கயிற்றைச் சுருட்டி இழுக்கத் தொடங்கியது. இழுப்பதற்கு இளைஞர்கள் வருவதில்லை, இயந்திரம் இல்லையேல் தொழிலே நின்றுவிடும் என்று வலை உடையவர்கள் சொல்வதில் நியாயம் இல்லாமலில்லை. எனினும் இயந்திரம் ஆட்களின் இடத்தை நிரப்பியதோடு நிற்கவில்லை. வலையின் நீளம், இழுக்கும் வேகம், ஒரு நாளில் வளைக்கும் தடவைகள் ஆகிய மூன்றையும் ஒருசேரப் பிடித்துவைத்திருந்த ஒரே கடிவாளத்தையும் அது அவிழ்த்துவிட்டது. சூடை, சாளை, நெத்தலி போன்ற சிறுமீன்கள் கூட்டமாக வந்து சேர்வதும், பல பெருமீன்களின் குஞ்சுகள் வளர்வதும் அதே ஆழமற்ற கரையோர நீரில்தான். ஈயக் குண்டுகள் கட்டிய அடிக்கயிறு விரைந்து உராயும்போது கடற்புல்லும் பிடுங்கப்படுகிறது.

கரைவலையை ஒழுங்குபடுத்துவது பற்றிய விவாதத்தில் பலர் வலைக்கண்ணின் அளவைப் பற்றியே பேசுகின்றனர். கண்ணின் அளவு என்பது மிதக்கும் மேடையின் மொத்தத் தூக்குதிறனைப் போன்றது. எண்ணுவதற்கு எளிதானது, எண்ணப்பட்டும் விட்டது. எண்ணப்படாமல் இருப்பது கயிற்றின் நீளம். வளைக்கப்படும் பரப்பு நீளத்தின் வர்க்கத்தோடு கூடுவதால், 1,000 மீற்றர் 2,000 மீற்றராகும்போது 39 ஏக்கர் 157 ஏக்கராகிவிடும். கையால் இழுத்த காலத்தில் கூடுதலாக நீட்டிய ஒவ்வொரு பாகக் கயிற்றுக்கும் மனித உழைப்பால் விலை கொடுக்க வேண்டியிருந்தது. வின்சுக்கு அந்த விலை சிறிதளவு டீசல் மட்டுமே. ஆகவே இயந்திரத்தை அனுமதிப்பதாயின், ஒவ்வொரு பாட்டுக்கும் கயிற்றின் உச்ச நீளமும், சுருட்டும் வேகமும், நாளொன்றுக்கு வளைக்கும் தடவைகளும் கண்ணின் அளவோடு சேர்த்தே எழுத்தில் நிர்ணயிக்கப்பட வேண்டும். அந்நிர்ணயத்தில் நீளத்துக்கு 10 சதவீதச் சலுகை தரப்பட்டாலும், வளைக்கப்படும் கடல் 21 சதவீதம் கூடிவிடும்.