விபத்து இழப்பீடு: விவசாயிகள் ஏமாறும் இடங்கள்

அதிகாலையில் வாழைத்தாரோடு மண்டிக்குப் புறப்படுகிறீர்கள். ஆத்தூர், குரும்பூர் வழியில் பின்னால் வந்த வேன் இடித்து கால் முறிகிறது. மூன்று மாதம் தோட்டத்துக்குப் போக முடியாது. ஆள்கூலி, உரம், குத்தகைப் பாக்கி எதுவும் காத்திருக்காது. அந்த நேரத்தில், 'விவசாயிக்கு ஏது இழப்பீடு?' என்று யாராவது சொன்னால் நம்பிவிடாதீர்கள்.

'சம்பளச் சீட்டு இல்லை. வருமானத்தை எப்படிக் காட்டுவது?'
காலை இழந்த கர்நாடகக் காய்கறி வியாபாரி ஒருவரின் வழக்கில், அமைப்புசாராத் தொழில் செய்பவரிடம் வருமான ஆவணம் கேட்பது நியாயமல்ல என்று 2014-ல் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆவணம் இல்லாமலேயே மாத வருமானம் 6,500 ரூபாய் என்று கணக்கிட்டது. ஆனாலும் கையில் இருப்பதை விடாதீர்கள். அடங்கல், குத்தகைச் சீட்டு, மண்டிச் சீட்டு, பயிர்க்கடன் பாஸ் புத்தகம் எல்லாமே உதவும்.

'நிலம் அப்படியேதானே இருக்கிறது?'
வழக்கில் எதிர்த்தரப்பு வைக்கும் வாதம் இது. நிலம் குடும்பத்திடம் இருந்தாலும், அதைக் கவனிக்க ஆள் வைக்கும் செலவு இருக்கிறது என்பதை 2003-லேயே உச்ச நீதிமன்றம் ஏற்றுள்ளது. எனவே ஆள் வைத்துச் செய்த வேலைக்குக் கணக்கு எழுதி வையுங்கள்.

'டாக்டர் 40 சதவீதம் என்றால், இழப்பும் 40 சதவீதம்தான்'
அப்படி அல்ல. ஊனம் வேறு, சம்பாதிக்கும் திறன் குறைவது வேறு. ஒரு கை போனால் எழுத்தர் வேலையில் தொடரலாம். தச்சரோ ஓட்டுநரோ பிழைப்பையே இழக்கலாம். வரப்பில் நடக்க முடியவில்லை, பனை ஏற முடியவில்லை, மண்வெட்டி பிடிக்க முடியவில்லை என்பதைத் தெளிவாகச் சொல்லுங்கள்.

'ஹெல்மெட் போடவில்லை, கேட்க முடியாது'
கேட்கலாம். உங்கள் தவறும் விபத்துக்கோ காயத்துக்கோ காரணம் என்று தெரிந்தால், அந்த அளவுக்குத் தொகை குறையலாம், உரிமை போய்விடாது.

'இடித்த வண்டி நிற்கவில்லை, அவ்வளவுதான்'
அடையாளம் தெரியாத வாகனம் மோதினாலும் 2022 ஏப்ரல் 1 முதல் இறப்புக்கு 2 லட்சம், கொடுங்காயத்துக்கு 50 ஆயிரம் ரூபாய் மத்திய அரசின் திட்டத்தில் உண்டு. போலீசில் புகார் பதிவு செய்துவிட்டு, கோட்டாட்சியர் அல்லது வட்டாட்சியர் அலுவலகத்தில் விண்ணப்பம் பற்றிக் கேளுங்கள்.

'கேஸ் முடியட்டும், பிறகு பார்க்கலாம்'
இதுதான் பெரிய ஆபத்து. விபத்து நடந்த நாளிலிருந்து 6 மாதத்துக்குள் தீர்ப்பாயத்தில் மனு செய்ய வேண்டும் என்பது 2022 ஏப்ரல் முதல் நடைமுறைக்கு வந்த சட்டப் பிரிவு. ஓட்டுநர் மீதான குற்றவழக்கு முடியக் காத்திருக்க வேண்டியதில்லை. அதில் அவர் விடுதலையானாலும் இழப்பீட்டு மனு தானாகத் தள்ளுபடியாகாது. வெளியூரில் விபத்து நடந்திருந்தாலும், நீங்கள் வசிக்கும் பகுதித் தீர்ப்பாயத்திலேயே மனு செய்யலாம். கெடு தாண்டிவிட்டால்கூட கைவிடாமல் வக்கீலைக் கேளுங்கள்.

டிராக்டர் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை
நடவுக்கோ தார் வெட்டவோ ஆட்களை டிரெய்லரிலும் மட்கார்டிலும் ஏற்றிப் போகிறீர்களா? அவர்கள் விழுந்து அடிபட்டால், 'பாலிசி நிபந்தனையை மீறிவிட்டீர்கள்' என்று காப்பீட்டு நிறுவனம் மறுக்க இடமுண்டு. முதலில் நிறுவனம் பணம் கொடுத்தாலும், பிறகு உங்களிடம் வசூலிக்க நீதிமன்றம் அனுமதிக்கலாம். லைசென்ஸ் இல்லாத ஓட்டுநர் என்றாலும் இதே சிக்கல்தான். ஆட்களை வேனிலோ ஆட்டோவிலோ அனுப்புங்கள்.

உடனே செய்ய வேண்டியவை
108-க்கு அழையுங்கள். விபத்தில் காயம் என்பது மருத்துவமனைப் பதிவில் வர வேண்டும். முதல் தகவல் அறிக்கையின் நகலை இலவசமாகப் பெறுங்கள். மருந்து பில், எக்ஸ்ரே, வண்டி எண், இடத்தின் போட்டோ எல்லாவற்றையும் ஒரே பையில் வையுங்கள். ஆஸ்பத்திரிக் கட்டிலில் யார் சமரசம் பேச வந்தாலும், படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். வெற்றுத்தாளில் போடவே கூடாது.

வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால் வட்ட சட்டப் பணிகள் குழுவை அணுகுங்கள்; 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம். பெண்கள், பட்டியல் இனத்தவர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பு இல்லாமல் இலவச உதவி உண்டு. மக்கள் நீதிமன்றத்தில் பேசித் தீர்ப்பது விரைவான வழி. ஆனால் அங்கு ஒப்புக்கொண்டால் மேல்முறையீடு கிடையாது. தொகை சரிதானா என்று யோசித்துக் கையெழுத்திடுங்கள்.