வேலிக்கு வேலி, காய்க்குக் காய் - களா

மானாவாரி நிலத்தில் பயிர் முளைத்து நாலு இலை விடும் சமயத்தில் ஆடு புகுந்துவிட்டால், அந்த ஆண்டுப் பாடு முழுவதும் வீணாகும். இதற்குப் பயந்தே ஆண்டுதோறும் முள் வெட்டி வேலி அடைக்கின்றனர். அது மழையில் மக்கி, கறையான் அரித்து, மறு ஆண்டே மீண்டும் செலவு வைக்கிறது. கம்பி வேலியோ சிறு விவசாயிகளுக்குக் கட்டுப்படியாவதில்லை. இவர்களுக்கு ஏற்றது களாவை உயிர்வேலியாக வளர்ப்பது.

களா எக்காலமும் பசுமையாக இருக்கும் முட்செடி. வேர் பிடித்தபின் வறட்சியைத் தாங்கும். செம்மண்ணிலும் சரளை நிலத்திலும் வளரும். நீர் தேங்கும் இடம் மட்டும் ஆகாது.

நாற்றும் நடவும்

நன்கு பழுத்துக் கறுத்த பழங்களிலிருந்து விதையெடுத்து, கழுவி, நிழலில் உலர்த்தி உடனே விதைக்க வேண்டும். நாள்பட்ட விதை சரியாக முளைக்காது. ஓராண்டு வயதான நாற்றுகளை ஐப்பசி மழையில் நடலாம். நில எல்லையிலிருந்து 3 அடி உள்ளே தள்ளி, 2 அடிக்கு ஒரு செடியாக, 1 அடி ஆழக் குழியில் மக்கிய தொழு உரமும் மேல்மண்ணும் கலந்து நட வேண்டும். 100 அடி நீளத்திற்குச் சுமார் 50 செடிகள் தேவைப்படும்.

கவாத்தே முக்கியம்

பல உயிர்வேலிகள் மேலே புதராகவும் கீழே ஓட்டையாகவும் இருக்கும். ஆடு கீழேதான் நுழையும். செடி சீக்கிரம் உயரட்டும் என்று வெட்டாமல் விடுவதே இதற்குக் காரணம். செடி 1 அடி உயர்ந்ததும் நுனியை வெட்ட வேண்டும். பக்கக் கிளைகள் அடியிலிருந்தே வெடிக்கும். பின்னர் அரை அடி வளரும்போதெல்லாம் நுனி வெட்டி வரவேண்டும். வேலியின் அடி அகலமாகவும் மேல்பகுதி குறுகலாகவும் இருந்தால்தான் கீழ்க்கிளைகளுக்கு வெயில் கிடைக்கும். வேலி நெருங்கும்வரை, இரண்டு மூன்று ஆண்டுகளுக்குப் பழைய முள்வேலியை வெளிப்புறம் வைத்துக்கொள்வது நல்லது.

காய்ப்பு

மூன்றாம் ஆண்டு முதல் காய்க்கத் தொடங்கும். பூக்கள் புதுத் தளிர்களின் நுனியில் வருவதால், அடிக்கடி வெட்டினால் காய் இராது. எனவே வேலி உருவானபின், காய்ப்பு முடிந்ததும் ஆண்டுக்கு ஒருமுறை மட்டும் வெட்டினால் போதும். பிஞ்சும் காயும் ஊறுகாய்க்கு ஏற்றவை. பழத்தில் ஜாம் செய்யலாம். சந்தையில் காய்க்கு விலை குறைந்த ஆண்டிலும் நட்டமில்லை. பயிரைக் காக்க வேலி நிற்கும்.