ஜீவனாம்சம் (இந்து திருமணச் சட்டம்)

ஜீவனாம்சம் என்பது மணமுறிவு பெற்ற ஒருவரின் வாழ்க்கைச் செலவுக்காக அவருடைய முன்னாள் துணை செலுத்த வேண்டும் என நீதிமன்றம் ஆணையிடும் தொகை ஆகும். இது பராமரிப்புத் தொகை எனவும் அழைக்கப்படுகிறது. இந்தியாவில் இந்து, பௌத்த, சமண, சீக்கிய சமயத்தவருக்கு இது 1955 ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டத்தின்படி வழங்கப்படுகிறது. மாதச் சம்பளம் பெறாதோர் மிகுந்த தென்காசி, குற்றாலம் போன்ற பகுதிகளில், எதிர்த்தரப்பின் வருமானத்தை மெய்ப்பிப்பதே இத்தகைய வழக்குகளின் முதன்மைச் சிக்கலாகும்.

வரலாறு

வழக்காறு அனுமதித்த சில சமூகங்களைத் தவிர, பிற இந்துக்களிடையே முற்காலத்தில் மணமுறிவு இல்லை. சென்னை மாகாணத்தில் 1949 இல் இயற்றப்பட்ட சட்டம் அதற்கு வழி செய்தது. தென்காசியும் குற்றாலமும் இம்மாகாணத்தில் இருந்தன. அருகிலுள்ள செங்கோட்டையோ 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர் - கொச்சியைச் சேர்ந்திருந்ததால் அச்சட்டம் அங்கு செல்லவில்லை. 1955 மே 18 முதல் இரு பகுதிகளுக்கும் ஒரே சட்டம் பொருந்தியது.

சட்டப் பிரிவுகள்

* பிரிவு 24: வழக்கு நடைபெறும் காலத்திற்கான இடைக்காலத் தொகையும் வழக்குச் செலவும். எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு சேர்ந்த 60 நாட்களுக்குள் இயன்றவரை முடிவு செய்யப்பட வேண்டும்.
* பிரிவு 25: நிரந்தர ஜீவனாம்சம். தீர்ப்பின்போதோ அதன் பின்னரோ கோரலாம். மொத்தமாகவோ மாதந்தோறுமோ வழங்கப்படலாம். தேவையெனில் எதிர்த்தரப்பின் நிலம், வீடு ஆகியவற்றின் மீது இத்தொகைக்குப் பொறுப்பு ஏற்படுத்தலாம். சூழ்நிலை மாறினாலும், பெறுபவர் மறுமணம் செய்தாலும் ஆணையை நீதிமன்றம் மாற்றலாம் அல்லது நீக்கலாம்.

இவ்விரு பிரிவுகளின் கீழ் கணவனும் கோரலாம். இவை தவிர, மறுமணம் செய்யாத, தன்னைப் பராமரித்துக்கொள்ள இயலாத மணமுறிவு பெற்ற பெண், சமய வேறுபாடின்றி குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் கீழும் தொகை கோரலாம். முன்பு 125 ஆம் பிரிவாக இருந்த இவ்விதி, 2024 சூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144 ஆம் பிரிவாக உள்ளது. ஒரு சட்டத்தின் கீழ் பெறும் தொகை மற்றொன்றில் கணக்கில் எடுத்துக்கொள்ளப்படும்.

வழக்குத் தொடரும் இடம்

2003 திருத்தத்திற்குப் பின், இந்து திருமணச் சட்டத்தின் கீழ் மனைவி தாம் வசிக்கும் இடத்திலேயே மனுத் தாக்கல் செய்யலாம். எடுத்துக்காட்டாக, சென்னையில் திருமணமாகிக் கணவனுடன் அங்கேயே வாழ்ந்து, பின் தென்காசியிலுள்ள பெற்றோரிடம் திரும்பிய பெண், சென்னைக்குச் செல்லாமல் தென்காசியிலேயே வழக்குத் தொடரலாம்.

வருமானத்தை மெய்ப்பித்தல்

அரசு ஊழியரின் வருமானத்தைச் சம்பளச் சீட்டு காட்டிவிடும். குற்றாலத்தில் சூன் முதல் ஆகத்து வரையான சாரல் பருவத்தை நம்பிக் கடை நடத்துபவருக்கோ, புளியங்குடி எலுமிச்சை விவசாயிக்கோ அத்தகைய சான்று இல்லை. வருமானத்தைக் குறைத்துக் கூறுவது இங்கு எளிது.

இதற்குத் தீர்வாக, ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் 2020 நவம்பர் 4 அன்று உச்ச நீதிமன்றம், இரு தரப்பினரும் சொத்து, கடன் விவரங்களைப் பிரமாணப் பத்திரமாக அளிக்க வேண்டும் என நெறிப்படுத்தியது. விவசாயிகளுக்குத் தனிப் படிவம் உண்டு. அதில் நிலத்தின் பரப்பு, நஞ்சையா புன்செய்யா என்பது, பயிர், குத்தகை, கால்நடை, கடந்த மூன்று ஆண்டு வருமானம் ஆகியவை கேட்கப்படுகின்றன. பட்டா, சிட்டா, அடங்கல் ஆகியவை இவ்விவரங்களைச் சரிபார்க்க உதவும். தொகை மனுத் தாக்கல் செய்த நாளிலிருந்து வழங்கப்பட வேண்டும் எனவும் அத்தீர்ப்பு கூறுகிறது.

மனைவி பீடி சுற்றி ஓரளவு ஈட்டுகிறார் என்பது மட்டுமே தொகையை மறுக்கப் போதிய காரணமாகாது. அவ்வருமானம் அவரது பராமரிப்புக்குப் போதுமா என்பதே ஆராயப்படும். உடல் வலிமையுள்ள கணவன், வேலை இல்லை எனக் கூறிப் பொறுப்பிலிருந்து விலக முடியாது என்பதும் உச்ச நீதிமன்றத்தின் நிலைப்பாடாகும்.

நிறைவேற்றம்

இந்து திருமணச் சட்டத்தின் கீழான ஆணை, உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பைப் போல நிறைவேற்றப்படும். 144 ஆம் பிரிவின் கீழ், தவறிய ஒவ்வொரு மாதத் தொகைக்கும் ஒரு மாதம் வரை சிறை விதிக்கப்படலாம். நிலுவையை வசூலிக்க, அது செலுத்தப்பட வேண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனுச் செய்ய வேண்டும்.