தலை சாய்த்தால் திரையும் சாயுமோ?

எமது அன்னையார் சென்ற ஆண்டு ஐப்பசி மழையில் முற்றத்துப் படியிலே வழுக்கி விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டார். சத்திரசிகிச்சை நடந்தேறி வீடு திரும்பியபோது, சில வாரங்களுக்கு வலப்பக்கம் சரிந்து படுக்கலாகாது என்பது வைத்தியரின் கட்டளை. கெலிஓயாவில் புகையிரத ஓசையும் மழையோசையும் மாறி மாறிக் கேட்கும் எமது சிறு வீட்டின் முன்னறையிலே, சன்னலைப் பார்த்தவாறு இடப்பக்கமாகச் சாய்ந்து கிடப்பதே அவருக்கு வாழ்க்கையாயிற்று.

கனடாவிலுள்ள எம் தமையனார் இதனைக் கேட்டு வருந்தி, ஒரு 'டெப்' வாங்கி அனுப்பினார். டெப் என்று எம்மவர் சுருக்கமாக வழங்கும் இப்பலகைக் கணினியில், ஞாயிறுதோறும் இங்கு மாலை மங்கி விளக்கேற்றும் நேரத்தில் அங்கே காலையுணவை முடித்துக்கொண்டு பேத்தி தோன்றுவாள். முதல் வாரத்தில் நாம் பக்கத்திலிருந்து பிடித்துக்கொண்டோம். பாட்டியும் பேத்தியும் அரைமணி நேரம் பேசினர். அடுத்த இரு ஞாயிறுகளில், "கண் வலிக்குது; இன்னொரு நாளைக்குப் பேசுறேன்" என்று அன்னையார் மறுத்துவிட்டார். கருவியோ தலையணையின் கீழே கிடந்தது.

காரணத்தை அறிய மூன்றாவது வாரமாயிற்று. "அது பழுதாப் போச்சு தம்பி. நான் ஒருபக்கம் திரும்பினா அதுவும் திரும்புது. நான்தான் எதையோ அமத்திக் கெடுத்துட்டேன். அண்ணன் காசு போட்டு வாங்கினது. சொன்னா அவனுக்கு மனசு கஷ்டமா இருக்கும்" என்றார். கண் வலியென்று அவர் கூறியது, மூத்த மகனின் மனம் நோகாதிருக்கச் சொன்ன பொய் என்பது அப்போதுதான் எமக்குப் புலனாயிற்று.

பௌதிகவியல் கற்பிப்பதை உத்தியோகமாகக் கொண்ட எமக்கு வெட்கமாகவே இருந்தது. அக்கருவியில் பழுது ஏதுமில்லை. தனக்கிட்ட பணியை அது சிறிதும் வழுவாது செய்துகொண்டிருந்தது. படுத்திருப்பவர் ஒருவரும் தன்னைப் பார்ப்பார் என்பது மாத்திரமே அதற்குத் தெரியாது.

இக்கருவிகளினுள்ளே ஆர்முடுகல்மானி என்றொரு நுண்ணிய உறுப்பு உண்டு. அரிசி மணியளவேயான ஒரு சிலிக்கன் துண்டிலே, மயிரிழையினும் மெல்லிய விற்களில் ஒரு சிறு திணிவு தொங்கிக்கொண்டிருக்கிறது. அதன் பக்கங்களில் சீப்புப் பற்களைப் போன்ற அமைப்பு. அப்பற்களுக்கிடையே அசையாத வேறொரு சீப்பின் பற்கள். புவியீர்ப்பு அத்திணிவை எப்பக்கம் இழுக்கிறதோ அப்பக்கமாகப் பற்களின் இடைவெளி குறையும். இடைவெளி மாறினால் மின் கொள்ளளவம் மாறும். அம்மாற்றத்தை மூன்று திசைகளில் அளந்து, 'பூமி இந்தப் பக்கம் இருக்கிறது' என்று கணினி அறிந்துகொள்கிறது. அறிந்ததும் எழுத்துகளின் கால் பூமியை நோக்கும்படி படத்தைத் திருப்பிவிடுகிறது.

ஆக, அது அறிவது பூமியை, எம் முகத்தையன்று. நிமிர்ந்து அமர்ந்திருப்பவருக்கு இவ்விரண்டும் ஒன்றே. பக்கவாட்டிற் படுத்திருப்பவருக்கோ முகம் ஒருபுறம், பூமி மறுபுறம். அன்னையார் தம் முகத்திற்கு நேராகக் கருவியைப் பிடிக்கிறார். கருவியோ தான் கிடையாகக் கிடப்பதாக எண்ணிப் படத்தைத் திருப்புகிறது. பேத்தியின் முகம் குறுக்காகிறது. அன்னையார் கருவியைத் திருப்புகிறார். படமும் உடனே திரும்புகிறது. தன் வாலைத் தானே துரத்தும் நாய்க்குட்டியின் கதைதான். இதற்குப் பரிகாரம் ஒரேயொரு தொடுகை என்பதை அறியாமல் இரண்டு ஞாயிறுகளை இழந்தோம்.

இவ்வுறுப்பு கணினிக்கென்று பிறந்ததன்று. மோட்டார் வாகனம் மோதும் கணத்தில் காற்றுப்பையை விரியச் செய்வதற்காக, 1990களின் தொடக்கத்தில் அமெரிக்காவின் அனலொக் டிவைசஸ் நிறுவனத்தார் இத்தகைய சில்லுகளைச் செய்து விற்றனர். உயிர் காக்க வந்த பொருள் பின்னர் படம் திருப்பும் வேலைக்கும் அமர்த்தப்பட்டது. 2007ஆம் ஆண்டில் அப்பிள் நிறுவனத்தின் ஐபோன் வெளிவந்தபோது, கையைத் திருப்பினால் படமும் திரும்பும் வித்தையை உலகம் வியந்து பார்த்தது. அதற்கு முன்னரே, 2002இல் மைக்ரோசொப்ட் நிறுவனத்தார் அறிமுகப்படுத்திய டெப்லட் கணினிகள் பலவற்றில், திரையைத் திருப்பப் பொத்தானொன்றை அழுத்துவதே வழக்கமாயிருந்தது. திருப்புவது மனிதனின் வேலை. கருவி அதற்குக் கட்டுப்பட்டது. ஒருவகையில் அதுவே நல்ல ஒழுங்கு என்று சொல்லத் தோன்றுகிறது.

இங்கே இன்னொன்றும் நினைவுக்கு வருகிறது. எம் முன்னோர் படித்த ஓலைச் சுவடி கிடையானது. அச்சுப் புத்தகம் நிலைக்குத்தானது. எமது ஊரிலிருந்து பேருந்தில் சிறிது நேரத்தில் சென்றடையக்கூடிய பேராதனைப் பல்கலைக்கழக நூலகத்தில் ஓலைச் சுவடிகளின் பெருந்தொகுதியொன்று உண்டு. அங்கே ஏட்டைக் காண்பவர் கணினித் திரையின் அகன்ற வடிவை நினையாதிருக்க முடியாது. 1973இல் செரொக்ஸ் நிறுவனத்தார் ஆக்கிய 'ஆல்ட்டோ' கணினியின் திரையோ காகிதத் தாளைப் போல் நெடியதாயிருந்தது. எவ்வடிவு நன்று என்பது இன்னும் தீராத வழக்கு. அதனாலேயே இரண்டு வடிவுகளையும் ஒரே பலகையில் வைத்துத் திருப்பிக்கொள்ளும் ஏற்பாடு வேண்டியதாயிற்று.

திருப்பத்தைத் தடுக்கும் பூட்டின் கதையும் சுவையானதே. 2010ஆம் ஆண்டு ஐபேட் முதன்முதலாக வந்தபோது அதன் விளிம்பிலே சிறு ஆளியொன்று இருந்தது. அதைத் தள்ளினால் திரை திரும்பாது. அதே ஆண்டு நவம்பரில் வந்த புதிய மென்பொருள், அவ்வாளியை ஓசையை அடக்கும் ஆளியாக மாற்றிவிட்டது. கட்டிலிற் படுத்துப் படிப்போர் பலர் முறையிட்டனர். 2011 மார்ச்சில், இரண்டில் எதனை வேண்டினும் ஆளிக்கு இடலாம் என்று விட்டுக்கொடுத்தார்கள். 2014இல் வந்த ஐபேட் ஏர் 2இல் ஆளியே இல்லாமற் போயிற்று. விரலுக்குத் தட்டுப்படும் ஓர் உறுப்பை நீக்கிக் கண்ணால் தேட வேண்டிய சின்னமாக்குவது, இளைஞர்களுக்கு முன்னேற்றமாக இருக்கலாம். கண்ணாடியைத் தேடிக்கொண்டிருக்கும் முதியோருக்கு எவ்வாறு முன்னேற்றமாகும் என்பது எமக்கு விளங்கவில்லை.

இப்பொழுது அப்பூட்டு எங்கே இருக்கிறதென்று கூறுவோம். அண்ட்ரொய்ட் கருவியானால், திரையின் மேல்விளிம்பிலிருந்து விரலைக் கீழே இழுத்தால் சிறு சின்னங்கள் வரிசையாகத் தோன்றும். 'தானாகச் சுழற்று' என்றோ அதையொத்த சொற்களிலோ ஒன்று இருக்கும். அதை அணைத்துவிட வேண்டும். ஐபேட் ஆனால் வலப்பக்க மேல் மூலையிலிருந்து கீழே இழுக்க, வளைந்த அம்பு சூழ்ந்த பூட்டின் படம் தென்படும். அதைத் தொட வேண்டும். ஆயினும் ஒரு முறை உண்டு. எக்கோலத்தில் படம் நிற்க வேண்டுமோ அக்கோலத்தில் கருவியை முதலில் நிமிர்த்திப் பிடித்துக்கொண்டு, படம் நேரானபின் பூட்ட வேண்டும். அதன் பின்னரே படுக்க வேண்டும். படுத்தபின் பூட்டினால், கோணலான படமே பூட்டுண்டு நிற்கும். நாமும் முதல் முறை அவ்வாறே செய்து அன்னையாரிடம் ஏளனப் பார்வை வாங்கினோம்.

பூட்டும் வேண்டும், வேண்டும்போது திருப்பவும் வேண்டும் என்பாருக்கு இடைவழியொன்று உண்டு. 2018இல் வந்த அண்ட்ரொய்ட் 9 முதலாக, பூட்டியிருக்கும்போது கருவியைச் சாய்த்தால் திரையின் ஓரத்தில் சிறு சின்னமொன்று தோன்றி, 'திருப்பட்டுமா?' என்று கேட்பதுபோல் நிற்கும். தொட்டால் திரும்பும், தொடாவிட்டால் தானே மறைந்துவிடும். மரியாதை தெரிந்த ஏற்பாடு! 2021இல் வந்த அண்ட்ரொய்ட் 12இலோ, கூகிள் நிறுவனத்தின் சில பிக்சல் தொலைபேசிகள் முன்பக்கக் கமராவினால் முகம் இருக்கும் திசையைப் பார்த்தே திருப்பக் கற்றுக்கொண்டன. பூமியை விட்டு முகத்தைப் பார்க்கும் அறிவு ஒருவாறு வந்து சேர்ந்திருக்கிறது. எல்லாக் கருவிகளுக்கும் அது வாய்த்தபாடில்லை.

திரையை முழுவதும் பின்னே மடித்துப் பலகையாக்கிக்கொள்ளும் மடிக்கணினிகள் வேறு வகை. 2012இல் லெனோவோவின் யோகா, மைக்ரோசொப்டின் சர்பேஸ் ஆகியவை வந்தபின் இவை பெருகின. நாமும் ஒன்று வைத்திருக்கிறோம். ஒருநாள் விண்டோஸில் திருப்பப் பூட்டைத் தேடிச் சென்றால், அது மங்கிச் சாம்பல் நிறமாகத் தொடுகைக்கு அசையாமல் நின்றது. மாலை முழுவதும் இயந்திரத்தை வைதோம். உண்மையில் விசைப்பலகை விரிந்திருக்கும்போது, 'இது மேசைமேல் நிற்கும் மடிக்கணினி. திரும்பும் தேவையில்லை' என்று அது தானே தீர்மானித்துப் பூட்டைச் செயலற்றதாக்கிவிடுகிறது. பின்னே மடித்தவுடன் சின்னத்திற்கு உயிர் வந்தது. விண்டோஸ் விசையையும் ஓ எழுத்தையும் சேர்த்து அழுத்தினாலும் பூட்டு விழும். திரை கோணலாகவே நின்றுவிட்டால், அமைப்புகளில் 'காட்சி' என்ற பகுதிக்குச் சென்று கிடையான நிலையைத் தெரிந்தெடுத்தால் நேராகும். இவற்றுட் பலவற்றில் மடிப்பை அறியக் காந்தத்தையே வைத்திருக்கிறார்கள். ஆகையால் காந்தப் பூட்டுள்ள கைப்பையையோ உறையையோ அருகில் வைத்தால், மடிக்காமலே மடித்ததாகக் கணினி மயங்குவதும் உண்டு. அண்டை வீட்டார் ஒருவர் இவ்வித மயக்கத்திற்காகவே திருத்துமிடம் ஒன்றுக்கு நடந்து, திரையையே மாற்ற வேண்டுமென்ற பதிலோடு வந்தார். பையை அகற்றியதும் நோய் நீங்கிற்று.

இதனை எழுதும்போது பழைய குற்றமொன்று நெஞ்சை உறுத்துகிறது. 2020 மார்ச்சில் கொரோனாவினால் பாடசாலைகள் மூடப்பட்டபின், வெள்ளைத் தாளில் கணக்குகளை எழுதிப் படம்பிடித்து வாட்ஸ்அப்பில் மாணவர்க்கு அனுப்பினோம். சாய்தளத்தின் மேல் ஒரு கட்டை. தளம் கிடையுடன் 30 பாகை. மலைத்தோட்டமொன்றிலிருந்து படித்த உயர்தர வகுப்பு மாணவி ஒருத்தி, சைன் வரவேண்டிய இடத்தில் கோசைன் இட்டு விடை அனுப்பினாள். 'அடிப்படையே விளங்கவில்லை' என்று கடுமையாக எழுதிவிட்டோம். அதன் பின்னர் இரண்டு வாரம் அவளிடமிருந்து ஒரு விடையும் வரவில்லை.

நிகழ்ந்தது இதுதான். எமது படம் குறுக்காகச் சென்றிருந்தது. மூன்று பிள்ளைகளுக்குப் பொதுவான, மூலை வெடித்த ஒரு தொலைபேசியில் அவள் அதைப் பார்த்திருக்கிறாள். நேராக்கத் தொலைபேசியைத் திருப்பினாள். படமும் உடன் திரும்பிற்று. எழுத்துகளைக் கழுத்தைச் சாய்த்துப் படித்தவள், படத்தை மாத்திரம் கண்ட கோலத்திலேயே பிரதி செய்துவிட்டாள். அவள் வரைந்த தளம் கிடையுடன் 60 பாகையாயிற்று. அவள் வரைந்த படத்திற்கு அவள் இட்ட விடை சரியானதே.

படம் குறுக்கானதும் எம்மால்தான். மேசைமேல் தாளைப் பரப்பி, தொலைபேசியை அதன் மேலே கிடையாகப் பிடித்துப் படமெடுத்தோம். அந்நிலையில் புவியீர்ப்பு திரைக்கு நேர் செங்குத்தாகப் பின்புறம் செல்கிறது. எப்பக்கம் மேல், எப்பக்கம் கீழ் என்பதற்கு ஆர்முடுகல்மானியிடம் சாட்சியே இல்லை. முன்பிருந்த நிலையையோ சிறு கையசைவையோ நம்பி ஏதேனும் ஒரு திசையை எழுதிவிடுகிறது. இப்போது தாளைச் சுவரிற் சாய்த்து நிறுத்தியே படமெடுக்கிறோம். அம்மாணவியிடம் வருத்தம் தெரிவித்தோம். "பரவாயில்லை சேர், நானும் அந்தப் பூட்டைத் தேடிக் கண்டுபிடிச்சிட்டேன்" என்றாள். எம் கண்ணில் அச்சின்னம் படுவதற்கு நெடுங்காலம் முன்னரே அவள் அதைக் கண்டிருந்தாள்.

புகையிரதத்திற் செல்லும்போது வளைவுகளில் திரை திரும்பாதா என்று மாணவர் கேட்பதுண்டு. நல்ல கேள்வியே, ஏனெனில் புவியீர்ப்பையும் வண்டியின் ஆர்முடுகலையும் இச்சில்லு வேறுபிரித்தறியாது. 100 மீற்றர் ஆரையுள்ள வளைவில் மணிக்கு 30 கிலோ மீற்றர் வேகத்திற் சென்றால், பக்கவாட்டு ஆர்முடுகல் புவியீர்ப்பின் பதினான்கிலொரு பங்களவே; கருவிக்கு அது நான்கு பாகைச் சரிவாகத் தோன்றும். திரை திரும்புவதற்கோ ஏறத்தாழ 45 பாகையைத் தாண்ட வேண்டும். எல்லைக்கோட்டில் அங்குமிங்கும் துடிக்காதிருக்க, சற்று அதிகமாகவே தாண்டினால்தான் திருப்புவதென்ற விதியும் வைத்திருக்கிறார்கள். ஆதலால் கம்பளை வரை அச்சமின்றிப் படித்துக்கொண்டு போகலாம்.

அன்னையார் இப்போது ஊன்றுகோலின் துணையோடு எழுந்து உட்காருகிறார். டெப் தலையணையின் கீழே அன்று, மேலே இருக்கிறது. பூட்டைப் போடவும் எடுக்கவும் அவரே அறிவார். ஆனாலும் சென்ற ஞாயிறு எம்மை அழைத்தார். "தம்பி, கண்ணாடியைக் காணோம், நீயே அந்தப் பூட்டைத் திற. பிள்ளை நாட்டியம் ஆடிக் காட்டப் போறாளாம். கை நீட்டினா வெளியே போகுது, அகலமா வேணும்" என்றார்.