இரண்டு பேட்டரியும் எழுதாமல் விட்ட ஒரு வாக்கியமும்

'தி ஹண்ட்' தொடர் ராஜீவ் கொலை வழக்கை மறுபடி வீட்டுக் கூடத்துக்குக் கொண்டுவந்ததிலிருந்து ஆம்பூர், வாணியம்பாடிப் பக்கத்துக் கடிதங்கள் குறையவில்லை. அந்த வழக்கில் தண்டிக்கப்பட்ட பேரறிவாளனின் ஊர் ஜோலார்பேட்டை. பல்லாண்டு அடைபட்டுக் கிடந்தது வேலூர் மத்திய சிறை. இங்கே இது தூரத்து வழக்கு அல்ல. கொலையின் கதைக்குள் போகவில்லை. தோல் ஷாப்பில் வேலை பார்க்கும் ஒருவரின் கேள்வியை மட்டும் பிடித்துக்கொள்கிறேன்: "வாக்குமூலம் எழுதிய அதிகாரியே டி.வி.யில் வந்து தப்பு நடந்துபோச்சு என்றாரே, அப்புறமும் எப்படி சார் தண்டனை நின்றது?"

அந்த அதிகாரி, சி.பி.ஐ.யில் எஸ்.பி.யாக இருந்த வி.தியாகராஜன். 2013 நவம்பரில், மரண தண்டனைக்கு எதிரான 'உயிர்வலி' ஆவணப்படத்தில் பேசினார். வெடிகுண்டில் பயன்பட்டதாக வழக்கில் சொல்லப்பட்ட இரண்டு பேட்டரியை வாங்கிக் கொடுத்ததாகச் சொன்ன பேரறிவாளன், அது எதற்கென்று தெரியாது என்றும் சொல்லியிருந்தார். அந்தப் பாதியைத் தாம் எழுதவில்லை என்றார் தியாகராஜன். தொலைக்காட்சிகள் அதைத் திரும்பத் திரும்பப் போட்டன.

பேட்டரி என்றால் கார் பேட்டரி அல்ல. 9 வோல்ட், தீப்பெட்டி அளவுக்குச் சற்றுப் பருமன், தலையில் இரண்டு பொத்தான், நாக்கில் வைத்தால் சுரீர் என்னும். கடையில் காசு கொடுத்தால் யாருக்கும் கிடைக்கும். வாங்கியது குற்றமில்லை, எதற்கென்று தெரிந்து வாங்கியிருந்தால்தான் குற்றம். விட்டுப்போனது அந்தத் 'தெரியாது'தான். கைதானபோது பேரறிவாளனுக்கு வயது 19.

சாதாரண வழக்கில் போலீசிடம் சொன்ன ஒப்புதல் நீதிமன்றத்தில் செல்லாது. பயங்கரவாதத் தடுப்புச் சட்டமான தடாவின் 15ஆவது பிரிவு அதைப் புரட்டிப் போட்டது: எஸ்.பி. அல்லது அதற்கு மேற்பட்ட அதிகாரி பதிவு செய்தால் செல்லும். 'தாமாக முன்வந்து அளித்த வாக்குமூலம்' என்பது அரசு மொழி. காவலில் இருப்பவன் சொல்ல, காவலில் வைத்திருப்பவர் தமக்குத் தேவைப்பட்டதை எழுத, சொன்னவன் கையெழுத்துப் போடுவது என்பது என் மொழி. அதே பிரிவு, எழுத்தில் பதியலாம் 'அல்லது' ஒலிநாடாவில் பதியலாம் என்கிறது. அந்த 'அல்லது'தான் என்னை உறுத்துகிறது. நாடா ஓடியிருந்தால் 'தெரியாது' என்பதும் அதில் விழுந்திருக்கும். எடுத்தது பேனா. விட்டுப்போன பாதி கேமராவுக்கு முன்னால் வந்து விழ 22 ஆண்டு ஆயிற்று, அதுவும் ஓய்வுபெற்றவர் மனமுவந்து பேசியதால்.

இன்னொரு முடிச்சும் உண்டு. 1999 மே 11 அன்று உச்ச நீதிமன்றம், தடா குற்றங்கள் நிரூபணமாகவில்லை என்றது. தண்டனை பெற்றிருந்த 26 பேரில் 19 பேர் வெளியே வந்தார்கள். ஆனால் தடாவின்படி எடுத்த வாக்குமூலம் மட்டும் கொலைக் குற்றத்துக்குச் சாட்சியமாக நின்றது. பேரறிவாளன் உட்பட நால்வருக்குத் தூக்கு உறுதியானது. ஏணியைத் தள்ளிவிட்ட பிறகும் ஏறியவர் பரணிலேயே உட்கார்ந்திருக்கலாம் என்றார்கள். சட்டப்படி அதற்கு விளக்கம் இருக்கிறது, எனக்குத்தான் இறங்கவில்லை.

தியாகராஜன் 2017இல் உச்ச நீதிமன்றத்தில் பிரமாணப் பத்திரமும் கொடுத்தார். தீர்ப்பைத் திரும்பப் பெறக் கோரிய மனு 2018 மார்ச்சில் தள்ளுபடியானது. கேமரா முன் சொன்னது ஊரின் மனதை மாற்றியது, ஏட்டை மாற்றவில்லை.

மற்றக் கேள்விகள்:

அப்படியானால் நிரபராதி என்றா விட்டார்கள்? இல்லை, 2022 மே 18 விடுதலை அரசியல் சட்டத்தின் 142ஆவது பிரிவின்படி, அமைச்சரவைப் பரிந்துரையை ஆளுநர் கிடப்பில் போட்டதால் வந்தது.

வேலூரில் தூக்குக்கு நாள் குறித்தார்களா? ஆமாம், 2011 செப்டம்பர் 9. ஆகஸ்ட் 30 அன்று சென்னை உயர் நீதிமன்றம் தடை விதித்தது.

ஆயுளாகக் குறைந்தது எப்போது? 2014 பிப்ரவரி 18. கருணை மனு 11 ஆண்டு தூங்கியதே காரணம், ஆவணப்படம் அல்ல.

போலீஸ் வாக்குமூலம் இன்றும் செல்லுமா? தடா 1995இல் காலாவதி. மகாராஷ்டிரத்தின் மோக்கா சட்டத்தில் செல்லும்.

கருணை மனுவுக்குக் கெடு வந்துவிட்டதாமே? 2024 ஜூலை 1 முதல்: மேல்முறையீடு தள்ளுபடியான செய்தியைச் சிறைக் கண்காணிப்பாளர் சொன்னதிலிருந்து 30 நாள், ஆளுநர் மறுத்தால், குடியரசுத் தலைவரிடம் போக 60 நாள்.

குடியரசுத் தலைவர் முடிவெடுக்க? கெடு இல்லை.