வெறுங்காலால் வென்ற கேடயம்

செஞ்சிக் கோட்டையைப் பற்றிப் பேசத் தொடங்கினால், தேசிங்கு ராஜனை நினையாமல் பேச்சை முடிக்க நம்மவர்க்கு மனம் வருவதில்லை. 1714-ஆம் ஆண்டில், ஆர்க்காட்டு நவாபின் பெரும் படையை ஒரு சிறு குதிரைப் படையுடன் எதிர்த்து, உயிர்த் தோழன் மகபத்கானும் தானுமாகக் களத்தில் மடிந்தான் அந்த இளைஞன். செஞ்சியிலும், சீயமங்கலம் முதலிய சுற்றுப்புறக் கிராமங்களிலும் அவன் கதையை அறியாதார் அரியர். தோற்றவனை இத்தனை தலைமுறையாகப் போற்றுவானேன்? எண்ணிக்கையில் நீதியில்லாத போரிலும் அவன் புறமுதுகு காட்டவில்லை என்பதற்காகவே.

அப்படியானால், இரு பக்கமும் எண்ணிக்கை சமமாயிருந்து, ஒரே விதி இருவரையும் கட்டுப்படுத்தினால் என்ன நிகழும்? ஆளுகிறவன், ஆளப்படுகிறவன் என்ற வித்தியாசம் அங்கே நிற்குமா? இந்தக் கேள்விக்கு 1911-ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில், கல்கத்தா நகரத்து மைதானத்தில் விடை கிடைத்தது. விடையளித்தவர்கள் மோகன் பகான் என்னும் பந்தாட்டச் சங்கத்தைச் சேர்ந்த பதினொரு வாலிபர்கள்.

சங்கமும் சாதகமும்

மோகன் பகான் சங்கம் 1889-ஆம் ஆண்டு ஆகஸ்டு 15-ஆம் தேதி ஸ்தாபிக்கப்பட்டது. பின்னர் இந்திய சுதந்திர தினமாக விளங்கப்போகும் தேதியில் அது பிறந்தது தற்செயலே. எனினும் இனிய தற்செயல். இந்தியக் கால்பந்துச் சங்கத்தின் கேடயப் போட்டி 1893-இல் ஆரம்பமாயிற்று. அன்று முதல் 1910 வரையில் ஓர் இந்தியக் குழுவேனும் அக்கேடயத்தைத் தொட்டதில்லை. பட்டாளத்துச் சிப்பாய்களும் ஐரோப்பியச் சங்கத்தாருமே அதைத் தமக்குள் பங்கிட்டுக் கொண்டனர்.

மோகன் பகான் வாலிபர்கள் ஒரே நாளில் வானத்திலிருந்து குதித்தவர்கள் அல்லர். டிரேட்ஸ் கோப்பையை 1906, 1907, 1908 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் தொடர்ந்து வென்றவர்கள். ராணுவத்தில் சுபேதார் மேஜராக இருந்த சைலேன் பாஸு, சங்கத்தின் காரியதரிசியாகி, அவர்களுக்குத் தேகப்பயிற்சியும் கட்டுப்பாடும் கற்பித்தார். குழுவில் கல்லூரி மாணவர் உண்டு, உபாத்தியாயர் உண்டு, சர்க்கார் இலாகாக்களில் சிறு உத்தியோகம் பார்த்தவர் உண்டு. சுதீர் சாட்டர்ஜி ஒருவர் மட்டுமே காலில் பூட்ஸ் அணிந்து ஆடினார். மற்றப் பதின்மரும் வெறுங்காலர்.

வெறுங்காலுக்கு ஒரு லாவகம் உண்டு. பந்து சொன்னபடி கேட்கும். ஆனால் வங்காளத்தில் ஜூலை மாதம் மழைக்காலம். தரை சேறானால் வெறுங்கால் வழுக்கும். ஆணி பதித்த பூட்ஸ் ஊன்றி நிற்கும். அதே பூட்ஸ் வெறுங்காலின்மேல் பட்டால் என்ன ஆகும் என்பதை விவரிக்க வேண்டுவதில்லை.

ஆறு ஆட்டங்கள்

ஜூலை 10-ஆம் தேதி, முதற் சுற்றில் ஸெயிண்ட் ஸேவியர் கல்லூரிக் குழுவை மூன்று கோல்களால் வென்றனர். அடுத்து ரேஞ்சர்ஸ் குழு, இரண்டுக்கு ஒன்று. மூன்றாவதாக ரைபிள் பிரிகேட் பட்டாளம். ஒரே ஒரு கோலில் ஜயம். அரை இறுதியில் மிடில்ஸெக்ஸ் பட்டாளத்துடன் ஆடிய ஆட்டம் ஒன்றுக்கு ஒன்றாகச் சமமாய் முடிந்தது. மறு ஆட்டத்தில் மூன்று கோல் போட்டனர். எதிரிக்கு ஒன்றும் விடவில்லை.

ஜூலை 29, சனிக்கிழமை. இறுதி ஆட்டம். எதிரே ஈஸ்ட் யார்க்ஷயர் பட்டாளம். அறுபதினாயிரத்துக்கு மேற்பட்ட ஜனங்கள் கூடினர் என்று மதிப்பிடப்பட்டது. விசேஷ ரயில்கள் விடப்பட்டன. மைதானத்தைக் காண முடியாத கடைசி வரிசையாருக்கு, கோல் கணக்கைப் பட்டங்களைப் பறக்கவிட்டுத் தெரிவித்தார்களாம்!

முதல் கோலைப் பட்டாளத்தின் ஜாக்ஸன் போட்டார். எங்கும் நிசப்தம். ஆட்டம் முடியச் சில நிமிஷங்களே இருக்கையில், தலைவர் சிவதாஸ் பாதுரி பந்தைக் கடத்திச் சென்று கணக்கைச் சமமாக்கினார். மணி முடியும் தறுவாயில் அவரே மீண்டும் பந்துடன் விரைந்தார். பெயர் தமக்கே வரவேண்டும் என்று எண்ணவில்லை. அபிலாஷ் கோஷுக்குத் தள்ளினார். அபிலாஷ் அதை வலைக்குள் அடித்தார். இரண்டுக்கு ஒன்று! கேடயம் வெறுங்காலர்க்கு வந்தது.

ஜயத்தின் பொருள்

அக்காலத்து வங்காளத்தின் மனப்புண்ணை நேயர்கள் நினைவுகூர வேண்டும். 1905-இல் கர்ஸான் பிரபு மாகாணத்தை இரண்டாக வெட்டினார். வங்காளிகள் வலுவற்றவர்கள், எழுதத்தான் லாயக்கு என்ற ஏளனமும் நெடுநாளாய் இருந்தது. அதற்கு மேடைப் பிரசங்கத்தால் பதில் சொல்ல முடியவில்லை; காலால் சொல்ல முடிந்தது. ஆட்டக்காரர்களில் பலர் கிழக்கு வங்கத்துக் குடும்பத்தினர். சுதீர் சாட்டர்ஜி கிறிஸ்தவர். ஹிந்துச் சகோதரரின் வெற்றியில் முஸ்லிம் பந்தாட்டக்காரர்கள் ஆனந்தத்தால் தரையில் புரண்டனர் என்று ஒரு முஸ்லிம் பத்திரிகை எழுதியது. தேசிங்கும் மகபத்கானும் தோளோடு தோள் நின்ற செஞ்சிச் சீமையாருக்கு இது புதுமையாய்த் தோன்றாது.

ஒரு பந்தாட்டத்தால் சாம்ராஜ்யம் சரிந்துவிடவில்லை. அவ்வாண்டு டிஸம்பரில் வங்கப் பிரிவினை ரத்தாயிற்று. ஆனால் தலைநகரமும் கல்கத்தாவை விட்டு டில்லிக்குப் போயிற்று. எனினும் ஒரு பயம் போயிற்று. வெள்ளையனின் மேன்மை அவன் பீரங்கியில் இருந்ததேயன்றி, அவன் பிறவியில் இல்லை என்று பாமரனும் கண்ணாரக் கண்டான். சம விதி ஒன்றே அதைக் காட்டப் போதுமானதாயிருந்தது.

ஒரு கதை வழங்குகிறது. ஆட்டம் முடிந்து திரும்பும்போது ஒரு முதியவர் சுதீர் சாட்டர்ஜியை நிறுத்தி, வில்லியம் கோட்டையின்மேல் பறந்த ஆங்கிலக் கொடியைச் சுட்டிக்காட்டி, “அது எப்பொழுது இறங்கும்?” என்று கேட்டாராம். மோகன் பகான் மறுமுறை கேடயத்தை வெல்லும்போது இறங்கும் என்று பதில் வந்ததாம். கதை மெய்யோ, பின்னால் கட்டியதோ! ஆனால் மோகன் பகான் மறுபடி அக்கேடயத்தை வென்றது 1947-ஆம் ஆண்டில்தான் என்பது சரித்திரம்.

செஞ்சிக் கோட்டை 1761-இல் ஆங்கிலேயர் கைக்குப் போயிற்று. 2025-இல் அது உலகப் பாரம்பரியச் சின்னங்களுள் ஒன்றாக ஏற்கப்பட்டது. ராஜகிரியின் மதில்களைப் பார்க்க நம் குழந்தைகளை அழைத்துச் செல்வோம். தேசிங்கின் கதையையும் சொல்வோம். அத்துடன் கற்சுவரோ பீரங்கியோ இன்றி, வெறுங்காலால் ஒரு கோட்டையைப் பிடித்த பதினொருவரின் கதையையும் சொல்லுவோமாக. சொல்லி முடித்தபின், ஆணாயினும் பெண்ணாயினும், அவர்களை மைதானத்துக்கு அனுப்புவோமாக.